மொட்டைமாடிக்கு ஒரு லைனிங்

மார்ச் 28

நாத்தனாருக்கு,

‘இனி உன்னோடு ஒரு வார்த்தை பேசமாட்டேன்’ என்று சொன்னவள் நான்தான். சொன்ன சொல்லில் நிற்கிறேன். பேசவில்லை, எழுதுகிறேன். எழுதமாட்டேன் என்று எப்போது சொன்னேன்? உன் அண்ணனிடம் தீர்ப்புக் கேட்டேன். வேனைத் துடைத்துக்கொண்டே, “அது வேற, இது வேற” என்றார். பதினெட்டு வருஷக் குடித்தனத்தில் அவர் உருப்படியாகச் சொன்ன தீர்ப்பு இது ஒன்றுதான்.

விஷயத்துக்கு வருகிறேன். தையல்கூடம் கொதிக்கிறது. பதினொரு மணி ஆனால் போதும், மொட்டைமாடி அப்படியே எங்கள் தலையில் இறங்கி உட்கார்ந்துவிடுகிறது. ஃபேன் சூட்டையே எல்லோருக்கும் சரிசமமாகப் பங்கு வைக்கிறது. நெற்றி வியர்வை சொட்டி வெள்ளைச் சட்டையில் மஞ்சள் வட்டம் விழுகிறது. துவைத்து, காயவைத்து, மறுபடி இஸ்திரி. ஒரே சட்டையை இரண்டு தடவை செய்கிறோம். பதினொரு பேரில் மூன்று பேர் நின்றுவிட்டார்கள். நீ ‘சிரிப்பு’ என்று பெயர் வைத்தாயே, ஓவர்லாக் மிஷினில் உட்காருபவள், அவளும் போய்விட்டாள். போகும்போது சிரிக்கவில்லை.

ஜூன் இரண்டாம் தேதி பள்ளிக்கூடம் திறக்கிறது. ஆயிரத்து இருநூறு சீருடை கொடுத்தாக வேண்டும். கொடுக்காவிட்டால் அந்தப் பள்ளி வேறு இடம் பார்க்கும். அந்தப் பள்ளி போனால் தையல்கூடத்தைப் பூட்டிவிட்டு நானும் உன் அண்ணனும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு உட்கார வேண்டியதுதான். அது யாருக்கும் நல்லதில்லை.

நீ பயிற்சிக்குப் போயிருந்த பத்து நாளில் கொல்லை வாதாமரத்தை வெட்டிச் சிமென்ட் போட்டேன். ஒத்துக்கொள்கிறேன். வேன் உள்ளே வர வேண்டாமா? திரும்பி வந்து பார்த்துவிட்டு நீ என்ன சொன்னாய்? “இந்த வீடு அடுப்பாகிடும் அண்ணி, பாத்துட்டே இருங்க.” சாபம் கொடுத்த மாதிரி. அப்புறம் நான் ஒன்று சொல்ல, நீ ஒன்று சொல்ல, மாற்றல் வாங்கிக்கொண்டு போய்விட்டாய்.

எனக்குத் தெரிய வேண்டியது இதுதான். கொதிப்பது நம் வீடு மட்டுமா, ஊர் முழுக்கவா? மரம் முதல் மாடி உயரம். தையல்கூடம் இரண்டாவது மாடி. அப்புறம் எப்படி மரம் காரணமாகும்? நீ வானிலைக்காரி, சொல். ஆனால் என்ன சொன்னாலும் நீ சொன்னது சரி என்று ஆகிவிடாது.

இப்படிக்கு,
உன் அண்ணன் மனைவி


ஏப்ரல் 3

அண்ணிக்கு,

உறையில் உங்கள் கையெழுத்தைப் பார்த்ததும் யாருக்கோ உடம்பு முடியவில்லை என்று பயந்துவிட்டேன். முடியாமல் போனது கூரைக்குத்தான் என்று படித்து நிம்மதியானேன். நிம்மதியானதற்கு வெட்கப்பட்டேன். பிறகு மூன்று பேர் நின்றதைப் படித்தேன்.

இங்கே நிலையத்துக் குடியிருப்பில் எனக்கு ஓர் அறை. சன்னலுக்கு வெளியே புல்தரை. அதன் நடுவில் நான்கு கால்களில் நிற்கும் வெள்ளை மரப்பெட்டி. நான்கு பக்கமும் சாய்ந்த பலகைகள், காற்று மட்டும் போய்வர. அதற்குள் இருக்கிற வெப்பமானியை விடியற்காலை ஆறுக்கும் மதியம் இரண்டுக்கும் பார்த்து எழுதுவது என் வேலை. உங்களிடமிருந்து நாற்பது கிலோமீட்டர்தான். அதே சூரியன், அதே வானம். ஆனால் உங்கள் ஊரில் வேறு பருவம் நடக்கிறது.

உங்கள் கேள்விக்குப் பதில்: இரண்டும்தான். ஊர் தன்னுடைய வெயிலைத் தானே கொஞ்சம் தயாரித்துக்கொள்கிறது. சிமென்டும் தாரும் பகல் முழுக்க வெயிலை வாங்கிச் சேர்த்துவைத்துப் பொழுது சாய்ந்த பிறகு மெல்ல வெளியே விடுகின்றன. நெருக்கமான சுவர்கள் அந்தச் சூட்டை ஒன்றின்மேல் ஒன்று எறிந்து விளையாடுகின்றன. பக்கத்து வங்கியின் ஏசி உள்ளே இருக்கிற சூட்டை நம் சந்துக்குள் கொட்டுகிறது. அதனால் வெயில் நேரத்தைவிட விடியற்காலையில்தான் வித்தியாசம் நன்றாகத் தெரியும்: இங்கே தரை ஆறிவிடும், அங்கே ஆறாது.

மரம் உங்கள் கூரைக்கு நிழல் தரவில்லை, உண்மை. ஆனால் அது கொல்லையையும் பின்சுவரையும் சூடேறவிடாமல் வைத்திருந்தது. மண்ணிலிருந்து தண்ணீரை எடுத்து இலை வழியாக வெளியே விட்டது. நமக்கு வியர்த்தால் உடம்பு குளிர்கிற மாதிரிதான். மரமும் வியர்க்கும் அண்ணி, ஆனால் அது சட்டையைக் கெடுக்காது.

வாயால் சொன்னால் நம்பமாட்டீர்கள். ஒரு வெப்பமானி அனுப்புகிறேன். நிழலில், காற்று வருகிற இடத்தில், ஐந்தடி உயரத்தில் தொங்கவிடுங்கள். ஆறுக்கும் இரண்டுக்கும் பார்த்துக் கூடவே அனுப்பியிருக்கிற படிவத்தில் எழுதுங்கள். வானம் எப்படி, காற்று எப்படி என்று ‘குறிப்பு’ என்ற கட்டத்தில் போடுங்கள்.

நாத்தனார்


ஏப்ரல் 15

நாத்தனாருக்கு,

வெப்பமானி வந்து சேர்ந்தது. அதைச் சுற்றி நீ வைத்த பஞ்சைக் காஜாக்காரம்மா எடுத்துக்கொண்டாள், ஊசி குத்திவைக்க. நீ சொன்னபடி நிழல், காற்று, ஐந்தடி எல்லாம் பார்த்து, மாடிப்படிக்குப் பக்கத்துச் சுவரில் சிலாபுக்கு அடியில் ஆணி அடித்து மாட்டியிருக்கிறோம். இந்த வீட்டிலேயே நாள் முழுக்க நிழல் இருக்கிற ஒரே இடம் அதுதான். கட்டிங் மாஸ்டர் இஞ்ச் டேப் வைத்து அளந்தார். ஐந்தடி என்றால் ஐந்தடி. அரை நூல் கூடவில்லை.

படிவத்தை இணைத்திருக்கிறேன். சந்தேகம் வராமல் இருக்க இங்கேயும் கொஞ்சம் எழுதுகிறேன்.

வெள்ளி. காலை 29. மதியம் 45. குறிப்பு: மேகம் இல்லை. எதிர்வீட்டு வாத்தியார் போர்வை காயப்போட்டார்.

சனி. காலை 29. மதியம் 46. குறிப்பு: காற்று இல்லை. காஜாக்காரம்மாவுக்கும் மாஸ்டருக்கும் ஃபேன் யார் பக்கம் திரும்ப வேண்டும் என்று சண்டை. ஃபேன் நடுவில் நின்றுவிட்டது.

ஞாயிறு. காலை 28. மதியம் 40. குறிப்பு: கூடம் விடுமுறை. நான் மட்டும் ஏறி வந்தேன். மூச்சு வாங்கியது.

திங்கள். காலை 29. மதியம் 46. குறிப்பு: வாத்தியார் மறுபடி போர்வை. எத்தனை போர்வைதான் வைத்திருக்கிறார்?

மரத்தைப் பற்றி ஒரு பக்கம் எழுதியிருந்தாய். படித்தேன். நன்றாக இருக்கிறது. ஆனால் ஒன்று மட்டும் உன் படிவத்தில் எந்தக் கட்டத்திலும் இல்லை. வாதா இலை ஒவ்வொன்றும் சாப்பாட்டுத் தட்டு அளவு. வருஷத்துக்கு இரண்டு தடவை மொத்தமாக உதிரும். சாக்கடை அடைக்கும், உன் அண்ணன் கம்பியை எடுத்துக்கொண்டு குத்துவார், என் மேல்தான் தெறிக்கும். நீ சன்னலில் நின்று, “இலை சிவக்கறது எவ்வளவு அழகா இருக்கு பாருங்க அண்ணி” என்பாய். பதினெட்டு வருஷம் நீ ரசித்தாய், நான் பெருக்கினேன். ஒரு நாள் கூட ‘விடுங்க, இன்னைக்கு நான் பெருக்கறேன்’ என்று நீ சொன்னதில்லை.

இதை நேரில் சொல்லியிருப்பேன். அன்றைக்குக் கோபத்தில் வேறு எதையோ சொல்லிவிட்டேன்.

அண்ணன் மனைவி


ஏப்ரல் 22

அண்ணிக்கு,

நாற்பத்தாறு! படிவத்தை மூன்று தடவை பார்த்தேன். அதே நாளில் எங்கள் பெட்டிக்குள் முப்பத்தெட்டுதான். எட்டு டிகிரி வித்தியாசம்! நான் சொன்னேன் இல்லையா? ஊரிலேயே சூடான கட்டடம் நம்முடையதாகத்தான் இருக்க வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை குறைவதைக் கூடக் கவனித்தேன். அன்றைக்கு வங்கி கிடையாது, கடைகள் பாதி மூடியிருக்கும், வண்டிகள் குறைவு. மனிதர்கள் ஓய்ந்தால் ஊரும் ஆறுகிறது. இதைவிடத் தெளிவான சாட்சி எங்கே கிடைக்கும்? ஒரு குறிப்பு எழுதி எங்கள் நிலையத் தலைவரிடம் கொடுத்துவிட்டேன். அவர் நகராட்சியில் பேசியிருக்கிறார். அடுத்த வாரம் மூன்று பேர் உங்களைப் பார்க்க வருவார்கள். வெப்பமானியைக் காட்டுங்கள்.

இப்போதைக்கு: மொட்டைமாடிக்கு வெள்ளைப் பூச்சு. கொல்லைச் சிமென்டை உடைக்க வேண்டும். வேறு வழியில்லை.

இலை விஷயம் படித்தேன். அதற்குத் தனியாக எழுதுகிறேன்.

நாத்தனார்


மே 2

வானிலை மேதைக்கு,

வந்தார்கள். மூன்று பேர். ஒருவர் குடை வைத்திருந்தார், ஒருவர் கேமரா, ஒருவர் உன் தலைவர். குடைக்காரர்தான் நகராட்சி. எல்லோருக்கும் டீ கொடுத்தேன். மதியம் இரண்டு மணி, கூடத்தில் எல்லோரும் மும்முரமாக இருக்கிறோம். படியேறி வந்து வெப்பமானி முன்னால் வரிசையாக நின்றார்கள், ஏதோ குழந்தைக்குப் பெயர் வைக்கப்போகிற மாதிரி.

குடைக்காரர் மூக்குக் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு, “நாப்பத்தஞ்சரை” என்றார். உன் தலைவர் தலையாட்டினார். கேமராக்காரர் குறி பார்த்தார். அந்த நேரம் பார்த்து உள்ளே இஸ்திரிக்காரர் நீராவிப் பெட்டியின் மிதியை மிதித்தார். ‘புஸ்ஸ்’ என்று ஒரு சத்தம். சுவரிலிருந்து ஒரு சாண் குழாய் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும், உனக்குத் தெரியும். அது வழியாக ஆவி வந்து வெப்பமானி, குடைக்காரர் கண்ணாடி எல்லாவற்றையும் ஒரே மூச்சில் மூடிவிட்டது.

“என்னம்மா இது?”

“இஸ்திரி சார்.”

“இது எத்தனை மணிக்கு நடக்கும்?”

“வேலை நாள்ல பூராவும் சார். ஞாயித்துக்கிழமை கிடையாது.”

உன் தலைவர் கையிலிருந்த உன் குறிப்புக் காகிதத்தை நாலாக மடித்துப் பைக்குள் வைத்தார். குடைக்காரர்தான் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே, “ஊர்லயே சூடான கட்டடம் இல்லம்மா, ஊர்லயே சூடான ஆணி” என்றார். மாஸ்டர் சிரித்ததில் வாயிலிருந்த குண்டூசி தெறித்துவிட்டது. இப்போது கூடத்தில் யாருக்கு வியர்த்தாலும், “ஆணிக்குக் கீழ நிக்காத” என்கிறார்கள்.

ஆணி அடித்தது நான்தான். நிழல் சொன்னாய், காற்று சொன்னாய், ஐந்தடி சொன்னாய். இஸ்திரிக் குழாய்க்குப் பக்கத்தில் வேண்டாம் என்று நீ சொல்லவில்லை. நானும் யோசிக்கவில்லை. ஆனால் ஞாயிற்றுக்கிழமை மட்டும் ஆறு டிகிரி குறைகிறது என்று உனக்கு எழுதினேனே, வானிலைக்காரி! சூரியன் ஞாயிறு லீவு எடுக்குமா?

இன்னும் ஒரு ஆள் நின்றுவிட்டாள். இப்போது ஏழு மிஷின்தான் ஓடுகிறது. அறுநூறு சீருடை பாக்கி. சிரித்து முடித்தாயிற்று, சூடு அப்படியே இருக்கிறது.

அ.ம.


மே 6

அண்ணி,

உங்கள் கடிதத்தை நின்றுகொண்டே படித்தேன். ‘ஊரிலேயே சூடான ஆணி’ என்ற இடத்தில் சத்தமாகச் சிரித்துவிட்டேன். பிறகு உட்கார்ந்துகொண்டேன்.

பாதித் தப்பு உங்களுடையது என்று பெருந்தன்மையாக எழுதியிருக்கிறீர்கள். இல்லை. என் அலுவலகத்தில் யாரும் யாருக்கும் ‘சூடான பொருளுக்குப் பக்கத்தில் வைக்காதே’ என்று சொல்வதில்லை. அது எல்லோருக்கும் தெரியும். உங்களுக்கு எழுதும்போது அது நினைவுக்கே வரவில்லை. அது சின்னத் தப்பு. பெரிய தப்பு வேறு.

ஞாயிற்றுக்கிழமை எண்ணைப் பார்த்த அந்த நிமிஷமே எனக்கு உள்ளே ஏதோ உறுத்தியது. இருபத்திரண்டு வருஷமாக எண்களைப் பார்ப்பவள் நான். வேறு யாராவது அனுப்பியிருந்தால், ‘வெப்பமானி எங்கே மாட்டியிருக்கு?’ என்றுதான் முதலில் கேட்டிருப்பேன். உங்களிடம் கேட்கவில்லை. வங்கி, கடை, வண்டி என்று கதை கட்டினேன். அந்த எண் எனக்குத் தேவையாக இருந்தது. என் கடிதத்தில் ‘நான் சொன்னேன் இல்லையா’ என்று எழுதியிருக்கிறேன். ‘எத்தனை பேர் வேலைக்கு வருகிறார்கள்’ என்று ஒரு வரி இல்லை. நீங்கள் கூடத்தைக் காப்பாற்றக் கேட்டீர்கள். நான் வாதத்தில் ஜெயிக்கப் பார்த்தேன்.

தலைவர் திட்டவில்லை. “வீட்டு விஷயத்துல நமக்கெல்லாம் கண்ணு கொஞ்சம் மங்கும்மா” என்றார். திட்டியிருக்கலாம்.

இலைகளைப் பற்றி. ‘இன்று நான் பெருக்குகிறேன்’ என்று சொன்னதேயில்லையா என்று இரண்டு நாள் யோசித்துப் பார்த்தேன். ஒரு தடவை கூட நினைவுக்கு வரவில்லை. அழகு என்று நான் சொன்னது முழுவதும் உங்கள் துடைப்பத்தின் முதுகில் ஏறி உட்கார்ந்துகொண்டு சொன்னது. மன்னிப்பு என்று எழுதினால் நீங்கள் கிண்டல் செய்வீர்கள். எழுதிவிட்டேன்.

இப்போது ஒழுங்காக அளப்போம். மாடி நடுவில், சுவர், தொட்டி, குழாய் எதற்கும் பக்கத்தில் இல்லாமல். ஓட்டை போட்ட அட்டைப்பெட்டிக்கு வெள்ளைக் காகிதம் ஒட்டி, அதற்குள் தொங்கவிடுங்கள். இன்னொரு வெப்பமானி அனுப்புகிறேன். அது கூடத்துக்குள், இஸ்திரிக்காரரிடமிருந்து ரொம்ப தூரத்தில். வருகிற எண் என் பேச்சுக்கு எதிராக இருந்தாலும் எழுதுங்கள்.

நாத்தனார்


மே 13

நாத்தனாரே,

மன்னிப்பை எல்லாம் மடித்துப் பீரோவில் வைத்துவிட்டேன். தேவைப்படும்போது எடுத்துக் காட்டுவேன்.

ஒழுங்கான எண் இதோ. மாடியில் மதியம் 40, விடியற்காலை 29. அதே நாளுக்கு உன் பெட்டியில் 38, 24 என்று சீட்டு அனுப்பியிருந்தாய். மதியம் இரண்டு டிகிரிதான் கூட. நான் ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன். அப்புறம் காலை எண்ணைப் பார்த்தேன். ஐந்து டிகிரி! இராத்திரி முழுக்க இந்த ஊர் ஆறவே இல்லை. கூடத்துக்குள் மதியம் 41. வெளியில் இருப்பதைவிட உள்ளே அதிகம். இதற்குப் பேசாமல் தெருவில் உட்கார்ந்து தைக்கலாம்.

வெள்ளைப் பூச்சுக்காரரைக் கூப்பிட்டேன். மாடியைத் தேய்த்துக் கழுவி, வெடிப்பை அடைத்து, மூன்று கை பூச வேண்டும். ஜூன் பத்தாம் தேதிதான் வர முடியும் என்றார். “ஜூன் பத்துக்கு நான் எதுக்கு இருக்கப்போறேன்?” என்றேன். பயந்துபோய்ப் படி இறங்கிவிட்டார்.

அன்றைக்கு மாஸ்டர் ஒரு கோட்டுக்கு உள்பக்கம் வைக்கிற லைனிங் துணி வெட்டிக்கொண்டிருந்தார். நான் அதைப் பார்த்தேன், கூரையைப் பார்த்தேன்.

“மாஸ்டர், லைனிங் ஏன் உடம்போட ஒட்டக்கூடாதுன்னு சொல்றீங்க?”

“ஒட்டினா அது லைனிங் இல்ல, இன்னொரு துணி. நடுவுல காத்து ஓடணும்மா.”

“மொட்டைமாடிக்கு லைனிங் தைப்போமா?”

அவர் என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே! ஆனால் இஞ்ச் டேப்பை எடுத்துக்கொண்டு மேலே ஏறிவிட்டார். முப்பது வருஷப் பழக்கம், கை தானாகப் போகிறது. தொட்டிக்குக் கழுத்து, டிஷ் கம்பிக்குக் கைக்குழி, படிக்கட்டு அறைக்கு ஒரு கை என்று சொல்லச் சொல்லக் காஜாக்காரம்மா எழுதிக்கொண்டாள். “இடுப்பு?” என்றாள். “வீட்டுக்கு இடுப்பு கிடையாது, எழுது” என்றார் மாஸ்டர்.

நிறம் பழுப்படிக்கிறது என்று பள்ளி திருப்பி அனுப்பிய இரண்டு பொதி வெள்ளைத் துணி கிடந்ததே, அதுதான். ஏழு பேரும் நானும் ஒன்றரை நாள், விளிம்பெல்லாம் இரட்டைத் தையல். கொடிக்கம்பிகளை இழுத்துக்கட்டித் தரைக்கு மேல் ஒரு முழம் இடைவெளி விட்டு விரித்தோம். எதிர்வீட்டு வாத்தியார் போர்வையோடு நின்று பார்த்தார். “என்னம்மா, வீட்டுக்கே ரவிக்கையா?” என்றார். “அளவு கொடுத்தா உங்க வீட்டுக்கும் தைக்கலாம் சார்” என்றேன்.

நேற்று மதியம் இரண்டு மணி. மாடியில் 40. கூடத்துக்குள் 37. இன்றைக்கும் 37. நான்கு டிகிரி!

இரண்டு நாளாக ஒரு சட்டையில் கூட மஞ்சள் வட்டம் இல்லை. இதை உன் புத்தகத்தில் என்னவென்று சொல்வார்கள்?

அண்ணி


மே 17

அண்ணி,

புத்தகத்தில் இருக்கிறது. நிழல், அதற்குக் கீழே ஓடும் காற்று, வெயிலைத் திருப்பி அனுப்பும் வெள்ளை நிறம். மூன்றையும் தனித்தனியாகப் படித்து நான் பரீட்சை எழுதியிருக்கிறேன். ஒரு கோட்டைப் பார்த்து மூன்றையும் சேர்க்க எனக்குத் தோன்றியதில்லை. தலைவரிடம் காட்டினேன். அவர் மடித்து வைத்த காகிதத்தை எடுத்து அதன் பின்பக்கத்தில் உங்கள் எண்களை எழுதிக்கொண்டார்.

ஆனால் இதை அவசரமாக எழுதுகிறேன். இரண்டு மூன்று நாளில் கோடை மழை இருக்கிறது, முன்னால் பலத்த காற்று வரும். துணி பாய்மரம் மாதிரி நிமிர்ந்தால் கொடிக்கம்பியோடு போய்விடும். அவிழ்த்து உள்ளே வையுங்கள். இன்னொன்று: கொல்லையில் மண் இருந்தபோது மழையைக் குடித்துக்கொண்டது. சிமென்ட் குடிக்காது. அது எந்தப் பக்கம் சரிகிறது என்று பாருங்கள். கீழ் அலமாரியில் சீருடை இருந்தால் மேலே ஏற்றிவிடுங்கள்.

இந்தத் தடவை நான் சொன்னது தப்பாகப் போனால் சந்தோஷப்படுவேன்.

நாத்தனார்


மே 22

நாத்தனாரே,

உன் கடிதம் பத்தொன்பதாம் தேதி காலையில் வந்தது. காற்று அன்றைக்குச் சாயங்காலம். அவிழ்க்கத்தான் போனேன். காஜாக்காரம்மா மறித்துவிட்டாள். “அவுத்தா நாளைக்கு மறுபடி கட்ட ரெண்டு மணி நேரம் போயிடும். காத்துக்கு வழி விட்டாப் போதும்” என்று சொல்லி, ஒரு சாண் நீளத்தில் காஜா போட ஆரம்பித்தாள். சட்டைப் பொத்தானுக்குப் போடுகிற அதே காஜா ஓட்டை. விளிம்பு பிசிறாமல் நூல் சுற்றி. மத்தியானத்துக்குள் அறுபது. யாரையும் தொடவிடவில்லை.

காற்று வந்தது. வாத்தியாருடைய போர்வை நம் வீட்டைத் தாண்டி வங்கிக்குப் போனது. நம் லைனிங் உப்பியது, அறுபது வாயாலும் ஊதியது, அடங்கியது. ஒரு தையல் விடவில்லை. காஜாக்காரம்மா இப்போது மாஸ்டரிடம் நேராக, “ஃபேன் என் பக்கம்” என்கிறாள். அவரும் திருப்பிவிடுகிறார்.

ஆனால் மழை. அதில் நீ சொன்னது அப்படியே நடந்தது. சிமென்ட் வாசல் பக்கம் சரியும் என்றுதான் கொத்தனார் சொன்னார். அது சரக்கறைப் பக்கம் சரிகிறது. அரை மணி நேரத்தில் கணுக்கால் தண்ணீர். கீழ்த்தட்டில் நானூறு சீருடை இருந்தது. நீ எழுதியதைப் படித்துவிட்டு மேலே ஏற்றலாம் என்று நினைத்தேன். காஜாவைப் பார்த்துக்கொண்டு நின்றுவிட்டேன். உன் அண்ணன் தண்ணீரில் நின்றுகொண்டு கட்டுக்கட்டாக எடுத்து நீட்ட, ஏழு பேரும் மாடிப்படியில் வரிசையாக நின்று கைமாற்றினோம். நனைந்தது பதினாறுதான். துவைத்துவிட்டோம்.

மறுநாள் காலையில் உன் அண்ணன் கடப்பாரையோடு கொல்லைக்குப் போனார். என் முகத்தைப் பார்த்தார். நான் ஒன்றும் சொல்லவில்லை. நான் ஒன்றும் சொல்லாமல் இருந்ததைத்தான் இப்போது தெரு முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிகிறார்.

ஆனால் முழுவதும் உடைக்கவில்லை. வேனுக்கு இரண்டு சக்கரத் தடம் போதுமே! இரண்டு பட்டை சிமென்டை விட்டுவிட்டு நடுவிலும் ஓரத்திலும் எடுத்தாயிற்று. துணியை வீணாக்காமல் வெட்டுகிற மாதிரிதான். நேற்றுப் பெய்த மழை போன இடம் தெரியவில்லை.

மரத்தை வெட்டியிருக்க வேண்டாம். வேறு தாளில் எழுதலாம் என்று பார்த்தேன், இதிலேயே எழுதிவிட்டேன்.

நின்ற நான்கு பேருக்கும் ஆள் அனுப்பியிருக்கிறேன். வந்து கூடத்தில் ஒரு மத்தியானம் உட்கார்ந்து பார்க்கச் சொன்னேன். நூற்றறுபது சீருடை பாக்கி.

உன் அறையைத் திறந்து தூசி தட்டினேன். சும்மாதான்.

அண்ணி


மே 26

அன்புள்ள அண்ணி,

‘வெட்டியிருக்க வேண்டாம்’ என்ற வரியைப் படித்தபோது எனக்கு வெற்றியாக இருக்கும் என்று பல மாதமாக நினைத்திருந்தேன். இல்லை. எழுதும்போது உங்கள் முகம் எப்படி இருந்திருக்கும் என்றுதான் தோன்றியது.

ஜூன் ஐந்தாம் தேதி வியாழக்கிழமை எனக்கு விடுப்பு. வரலாமா? நாற்றுப்பண்ணையில் ஒரு கன்று சொல்லிவைத்திருக்கிறேன். வாதா இல்லை. இலை விரல் நுனி அளவுதான். சாக்கடைக் கம்பியில் சிக்காது, காற்றே பாதியைக் கொண்டுபோய்விடும். மீதிப் பாதியை நான் பெருக்குகிறேன். மாதத்துக்கு இரண்டு முறை வருவேன், எழுதிக் கொடுக்கிறேன், அண்ணன் சாட்சிக் கையெழுத்துப் போடட்டும். இரண்டு சக்கரத் தடத்துக்கு நடுவில் வேண்டாம். பின்சுவர் ஓரமாக நடுவோம். பெரிதாக ஏழெட்டு வருஷம் ஆகும். அதுவரை லைனிங்தான் நமக்கு மரம்.

ஒரே ஒரு சந்தேகம். நீங்கள் என்னோடு பேசமாட்டேன் என்று சொல்லியிருக்கிறீர்கள். நான் வந்தால் எழுதித்தான் காட்டுவீர்களா? நோட்டும் பேனாவும் எடுத்துவரவா?

உங்கள் நாத்தனார்


ஜூன் 2

நிலையம்: நம் வீட்டு மொட்டைமாடி.

காலை 6 மணி: 27.

மதியம் 2 மணி: மாடியில் 39. கூடத்துக்குள் 36.

வானம்: மேற்கே கொஞ்சம் மேகம்.

காற்று: உண்டு. அறுபது காஜாவும் வேலை செய்கின்றன.

குறிப்பு: சீருடை ஆயிரத்து இருநூறும் முப்பத்தொன்றாம் தேதி போய்ச் சேர்ந்தது. பள்ளிக்கூடத்து அம்மா ஒரு சட்டையை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்தார். கறை தேடினார், இல்லை. அடுத்த வருஷமும் நாம்தான். குடைக்காரர் தனியாக வந்தார், குடை இல்லாமல். வெயில் எப்படி இருக்கிறது என்று கேட்டு, துணியைச் சுற்றிவந்து, பக்கத்துச் சுகாதார நிலையத்து மாடிக்கும் ஒன்று தைக்க முடியுமா என்றார். மாஸ்டர், “ஆளை அனுப்புங்க சார், அளவு எடுக்கணும்” என்றார். வாத்தியாருக்குப் போர்வை கிடைத்துவிட்டது. நின்றுபோன நான்கு பேரில் மூன்று பேர் போன வாரமே வந்துவிட்டார்கள். ‘சிரிப்பு’ இன்று காலை வந்தாள்; ஆணிக் கதையை மாஸ்டர் முதலிலிருந்து சொல்ல, அவள் சிரித்த சிரிப்பில் ஓவர்லாக் நூல் மூன்று தடவை அறுந்தது. பதினொரு மிஷினும் ஓடுகின்றன.

அன்புள்ள நாத்தனாரே, படிவத்தில் இடம் முடிகிறது. நோட்டும் பேனாவும் வேண்டாம். துடைப்பம் இங்கேயே இருக்கிறது. வியாழக்கிழமை வந்ததும் கதவைத் தட்டிக்கொண்டு நிற்காதே. இந்த மிஷின் சத்தத்தில் காது கேட்காது. கன்றைக் கீழே வைத்துவிட்டுத் தெருவில் நின்று, “அண்ணி”ன்னு ஒரு சத்தம் போடு.

மாடியிலிருந்து பதில் சொல்கிறேன்.